எரோல் மோரிஸ்: கேமராவோடு துப்பறியும் இயக்குநர் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

யார் இந்த எரோல் மோரிஸ்?

அமெரிக்க ஆவணப்பட இயக்குநர். 1948-ல் நியூயார்க் மாநிலத்தின் லாங் ஐலண்டில் பிறந்தவர். இரண்டு வயதில் அப்பா இறந்துவிட, இசை ஆசிரியையான அம்மாதான் வளர்த்தார். விஸ்கான்சினில் வரலாறு படித்துப் பட்டம் வாங்கினார். பிறகு பிரின்ஸ்டனில் அறிவியல் வரலாறு, பெர்க்லியில் தத்துவம் என்று மேற்படிப்புக்குச் சேர்ந்து இரண்டையும் பாதியில் விட்டார். பெர்க்லியில் இருந்த திரைப்படக் காப்பகம்தான் அவரைச் சினிமாவுக்கு இழுத்தது.

கலிபோர்னியாவில் செல்லப் பிராணிகளுக்கென்று இருந்த இடுகாடுகளைப் பற்றி 1978-ல் அவர் எடுத்த 'கேட்ஸ் ஆஃப் ஹெவன்' முதல் படம். அதை முடித்துக் காட்டினால் என் ஷூவையே தின்கிறேன் என்று சவால் விட்ட ஜெர்மானிய இயக்குநர் வெர்னர் ஹெர்சாக், சொன்னபடி ஷூவை வேகவைத்து, மேடையேறித் தின்றார். பேர் கிடைத்தது, பணம் கிடைக்கவில்லை. 1980-களில் அடுத்த படத்துக்கு வழியில்லாமல் நியூயார்க்கில் தனியார் துப்பறிவாளராக வேலை பார்த்தார். அவருடைய வாழ்க்கைக் குறிப்பில் நான் அடிக்கோடிடுவது இந்த வரியைத்தான். ஆளைத் தேடிக் கண்டுபிடிப்பது, பேசவைப்பது, பேசியதைக் காகிதத்தோடு ஒத்துப் பார்ப்பது எல்லாம் அந்த வேலையின் பழக்கம். அவருடைய நல்ல படங்கள் எல்லாவற்றிலும் அது தெரிகிறது.

எந்தப் படத்தில் ஆரம்பிக்கலாம்?

1988-ல் வந்த 'தி தின் புளூ லைன்'. கொலைப்பழி சுமந்து ஆயுள் சிறையில் இருந்த ஒருவர் வெளியே வர வழி செய்த படம். இன்று ஓடிடியில் வரும் குற்ற ஆவணத் தொடர்கள் பெரும்பாலானவை, தெரிந்தோ தெரியாமலோ, இந்தப் படத்துக்குக் கடன்பட்டவை. மிச்சக் கேள்விகளில் பாதி இதைப் பற்றித்தான் என்பதால் வழக்கைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

அந்த வழக்கு என்ன?

1976 நவம்பர் 28. டெக்ஸாஸ் மாநிலம் டல்லாஸ் நகரம். நள்ளிரவு தாண்டிய நேரம். முன்விளக்கு எரியாமல் போன ஒரு காரை ரோந்து போலீஸ்காரர் ராபர்ட் வுட் நிறுத்துகிறார். விளக்கைப் போடச் சொல்லிவிட்டு அனுப்பிவிடக்கூடிய சாதாரண விஷயம். அவர் ஓட்டுநர் பக்கம் நடந்து போகும்போது உள்ளே இருந்தவன் சுட்டுவிட்டுப் பறந்துவிடுகிறான். வுட் அங்கேயே இறந்துபோகிறார். கூட ரோந்தில் இருந்த பெண் போலீஸ் ஓடும் காரை நோக்கிச் சுட்டார். ஆனால் காரின் எண் கிடைக்கவில்லை. காரின் வகையையும் அவர் 'வேகா' என்று சொல்ல, போலீஸ் ஊர் முழுக்க வேகா கார்களைத் தேடியது. உண்மையில் அது 'காமெட்'.

வாரங்கள் ஓடின. டல்லாஸிலிருந்து வெகுதூரத்தில் உள்ள வைடர் என்ற சின்ன ஊரில், டேவிட் ஹாரிஸ் என்ற 16 வயதுப் பையன் டல்லாஸில் ஒரு போலீஸைச் சுட்டுவிட்டதாக நண்பர்களிடம் பெருமையடித்துக்கொண்டிருப்பது தெரியவந்தது. காரைத் திருடியது அவன். துப்பாக்கி அவன் அப்பாவுடையது. பிடித்து விசாரித்தபோது கதையை மாற்றினான்: நண்பர்களிடம் சும்மா சொன்னேன், சுட்டது வழியில் ஏற்றிக்கொண்ட ராண்டல் டேல் ஆடம்ஸ் என்றான்.

ஆடம்ஸ் ஒஹையோவிலிருந்து பிழைப்புத் தேடி வந்தவர். வயது 27. அதற்குமுன் எந்தக் குற்ற வழக்கும் கிடையாது. சனிக்கிழமை அவர் காரில் பெட்ரோல் தீர்ந்து, கேனோடு ரோட்டில் நடந்தபோது ஹாரிஸ் ஏற்றிக்கொண்டான். பகல் முழுக்கச் சேர்ந்து சுற்றினார்கள், மாலையில் திறந்தவெளித் திரையரங்கில் படம் பார்த்தார்கள். அதற்குப் பிறகு தான் தங்கியிருந்த மோட்டலுக்குப் போய்த் தூங்கிவிட்டதாக ஆடம்ஸ் சொன்னார். ஜூரி நம்பவில்லை. 1977-ல் மரண தண்டனை.

கார், துப்பாக்கி, பெருமையடித்தது எல்லாம் ஹாரிஸ். தண்டனை ஆடம்ஸுக்கு. எப்படி?

படத்தைப் பார்க்கும் யாருக்கும் முதலில் எழும் கேள்வி இது. பதில் ஒன்றல்ல, சில விஷயங்கள் ஒன்றின் மேல் ஒன்றாகச் சேர்ந்தன.

டெக்ஸாஸ் சட்டப்படி 16 வயதுப் பையனுக்கு மரண தண்டனை கேட்க முடியாது. 27 வயதுக்காரருக்குக் கேட்கலாம். பணியில் இருந்த போலீஸ்காரர் கொல்லப்பட்டிருக்கிறார், ஊரே கொதித்துப்போயிருக்கிறது. யாருக்கு உச்சபட்ச தண்டனை வாங்க முடியுமோ அவர்மேல் வழக்கு போனது என்பது ஆடம்ஸ் தரப்பின் வாதம். படத்தைப் பார்த்த பிறகு அதை மறுப்பது எனக்குக் கஷ்டமாக இருக்கிறது.

அடுத்தது சாட்சிகள். அந்த வழியாகக் காரில் போன ஒரு தம்பதி, ஓட்டுநர் இருக்கையில் ஆடம்ஸைப் பார்த்ததாகக் கடைசி நேரத்தில் வந்து சொன்னார்கள். இருட்டு, ஓடும் கார், ஒரு கணப் பார்வை. மனைவி முதலில் போலீஸில் எழுதிக் கொடுத்த அடையாளமோ ஆடம்ஸுக்குப் பொருந்தாதது. அந்த வாக்குமூலம் ஆடம்ஸின் வக்கீல் கைக்கு நேரத்தில் வரவில்லை. அந்த மனைவியின் மகள்மேல் அப்போது ஒரு கொள்ளை வழக்கு இருந்தது, பிறகு அது கைவிடப்பட்டது. அடையாள அணிவகுப்பில் தான் வேறு ஆளைக் காட்டியதாகவும், சரியான ஆள் யார் என்று போலீஸ் சொன்னதாகவும் பல வருடம் கழித்து அந்தப் பெண்ணே மோரிஸின் கேமரா முன் சொல்கிறார். சொல்லும்போது அவர் முகத்தில் தயக்கமே இல்லை. தான் சொல்வது எவ்வளவு பெரிய விஷயம் என்ற எண்ணமே அவருக்கு வந்ததாகத் தெரியவில்லை.

மூன்றாவதாக ஒரு மனநல மருத்துவர். டெக்ஸாஸில் மரண தண்டனை தர வேண்டுமானால், இந்த ஆளை விட்டால் மீண்டும் வன்முறையில் இறங்குவார் என்று ஜூரி முடிவுசெய்ய வேண்டும். அதற்காக அரசுத் தரப்பு கூப்பிடும் நிபுணர் ஜேம்ஸ் கிரிக்சன். நூற்றுக்கும் மேற்பட்ட மரண தண்டனை வழக்குகளில் சாட்சி சொன்னவர், 'டாக்டர் டெத்' என்றே பேர் வாங்கியவர். ஆடம்ஸிடம் சிறிது நேரம் பேசிவிட்டு, இவர் நிச்சயம் மறுபடி குற்றம் செய்வார் என்று கோர்ட்டில் சொன்னார். 1995-ல் அமெரிக்க மனநல மருத்துவர் சங்கம் அவரை நீக்கியது, அது ஆடம்ஸுக்கு உதவாத காலத்தில் வந்த செய்தி.

ஆடம்ஸ் தண்டனையிலிருந்து எப்படித் தப்பினார்?

1979 மே 8 என்று நாள் குறித்துவிட்டார்கள். மூன்று நாள் முன்பு உச்ச நீதிமன்ற நீதிபதி லூயிஸ் பவல் தடை கொடுத்தார். ஜூரி தேர்ந்தெடுக்கப்பட்ட முறை தவறு என்று 1980-ல் உச்ச நீதிமன்றம் எட்டுக்கு ஒன்று என்ற கணக்கில் மரண தண்டனையை ரத்து செய்தது. மறு விசாரணை வந்திருந்தால் பொய்ச் சாட்சிகள் அப்போதே அகப்பட்டிருக்கலாம். ஆனால் ஆளுநர் தண்டனையை ஆயுளாகக் குறைத்துவிட்டார், அதனால் மறு விசாரணைக்கு அவசியம் இல்லாமல் போனது. உயிர் பிழைத்தது, வழக்கு மூடப்பட்டது. கருணை மாதிரி தெரியும் அந்தக் கையெழுத்து, நிரபராதி என்று நிரூபிக்கும் வாய்ப்பை அவரிடமிருந்து பறித்தது.

மோரிஸ் இதற்குள் எப்படி வந்தார்?

அவர் 1985-ல் டெக்ஸாஸ் போனது டாக்டர் கிரிக்சனைப் பற்றிப் படமெடுக்க. கிரிக்சனின் சாட்சியத்தால் தண்டனை பெற்ற கைதிகளைச் சிறையில் சந்தித்துப் பேசிக்கொண்டு போனபோது அவர்களில் ஒருவராக ஆடம்ஸ் வந்தார். எல்லாக் கைதியும் நிரபராதி என்றுதான் சொல்வான் என்ற எண்ணத்தோடுதான் மோரிஸும் கேட்டார். அப்புறம் போய் விசாரணைப் பதிவேட்டைப் படித்தார். படிக்கப் படிக்க முன்னுக்குப் பின் முரண். ஹாரிஸைத் தேடிப் போய்ப் பேசினார், சந்தேகம் கூடியது. கிரிக்சன் படம் அங்கேயே நின்றுபோனது.

ஹாரிஸ் ஒப்புக்கொண்டானா?

நேரடியாக, நான்தான் சுட்டேன் என்று அந்தப் படத்தில் அவன் சொல்லவில்லை. ஆனால் அதற்கு ஒரு முடி இடைவெளியில் வருகிறான். 1986 டிசம்பரில் நடந்த கடைசிப் பேட்டியின்போது கேமரா பழுதாகிவிட்டது. மோரிஸ் டேப் ரெக்கார்டரை மட்டும் வைத்துப் பேசினார். அதனால் படத்தின் மிக முக்கியமான நிமிடங்களில் திரையில் முகமே கிடையாது. ஒரு சின்ன கேசட் ரெக்கார்டர், அதைப் பல கோணத்தில் மிக அருகிலிருந்து காட்டுகிறார். சுழலும் டேப், கீழே ஓடும் எழுத்து, இரண்டு குரல். ஆடம்ஸ் நிரபராதியா என்று மோரிஸ் கேட்கிறார். ஆம் என்கிறான் ஹாரிஸ். எப்படி அவ்வளவு நிச்சயம் என்று கேட்டால், எனக்குத் தெரியும் என்கிற மாதிரி அமைதியாகப் பதில் வருகிறது.

அதுவரை ஹாரிஸை ஆரஞ்சு உடையில், சாந்தமாக, கொஞ்சம் வசீகரமாகவே பேசும் இளைஞனாகப் பார்த்திருப்போம். ஒரு கட்டத்தில் தலையைச் சொறியக் கையைத் தூக்குகிறான், இரண்டு கையும் சேர்ந்து மேலே வருகிறது. விலங்கு. 1985-ல் அவன் செய்த வேறொரு கொலைக்காக மரண தண்டனை பெற்று உள்ளே இருக்கிறான் என்று அதன்பிறகுதான் தெரிகிறது. 2004 ஜூன் 30 அன்று அந்தத் தண்டனை நிறைவேற்றப்பட்டது. 1976-லேயே சரியான ஆளைப் பிடித்திருந்தால் அந்த இரண்டாவது கொலை நடந்திருக்காது. தவறான தீர்ப்பால் ஆடம்ஸ் ஒருவர்தான் பாதிக்கப்பட்டார் என்று யாராவது சொன்னால் நான் இதைத்தான் சொல்வேன்.

படம் வந்ததால்தான் ஆடம்ஸ் விடுதலையானாரா?

படத்துக்கு எவ்வளவு பங்கோ அவ்வளவே அவருடைய வக்கீலுக்கும் உண்டு. அவர் பல வருடம் விடாமல் போராடியவர். ஆனால் பேட்டிகளில் மோரிஸ் சேர்த்த விஷயங்கள் இல்லாமல் அந்தக் கதவு திறந்திருக்காது. 1988 கடைசியில் டல்லாஸ் நீதிமன்றத்தில் புதிய ஆதாரங்கள் விசாரிக்கப்பட்டன. அங்கே ஹாரிஸ் வந்து, முன்பு சொன்னது பொய், ஆடம்ஸ் அந்தக் காரிலேயே இல்லை என்றான். 1989 மார்ச்சில் டெக்ஸாஸ் உயர் குற்றவியல் நீதிமன்றம் தீர்ப்பை ரத்து செய்தது. அதே மாதம் ஆடம்ஸ் வெளியே வந்தார். பன்னிரண்டு வருடத்துக்கு மேல் போயிருந்தது. மாநில அரசு அவருக்கு இழப்பீடு எதுவும் தரவில்லை.

கொலைக் காட்சியை நடிகர்களை வைத்து எடுத்திருக்கிறாரே, அது ஆவணப்படத்தில் ஏமாற்று இல்லையா?

மோரிஸ் பற்றி மிக அதிகமாகக் கேட்கப்படும் கேள்வி. இதற்குப் பதில் புரிந்தால் அவரையே புரிந்துகொண்ட மாதிரி.

சாதாரணமாகத் தொலைக்காட்சியில் குற்றக் காட்சியை நடித்துக் காட்டுவது, நடந்தது இதுதான் என்று நம்மை நம்பவைக்க. மோரிஸ் செய்வது நேர் எதிர். அந்த நள்ளிரவுச் சாலை படத்தில் திரும்பத் திரும்ப வருகிறது, ஒவ்வொரு முறையும் ஒவ்வொரு மாதிரி. ஒருமுறை காரில் ஒருவர், ஒருமுறை இருவர். ஒருமுறை பெண் போலீஸ் காருக்கு வெளியே நிற்கிறார், ஒருமுறை உள்ளே உட்கார்ந்திருக்கிறார். ஒவ்வொரு காட்சியும் ஒரு சாட்சி சொன்னதன் படம், நடந்ததன் படம் அல்ல. சாட்சி சொன்னதை அப்படியே கண்முன் வைத்தால் அது எவ்வளவு நம்ப முடியாதது என்று நமக்கே தெரிகிறது. பொய்க்கு உருவம் கொடுத்து அதைப் பொய்யென்று காட்டுகிறார்.

மில்க் ஷேக் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். சம்பவத்துக்குக் கொஞ்சம் முன்னால் அந்த போலீஸ் ஜோடி மில்க் ஷேக் வாங்கியிருந்தது. துப்பாக்கிச் சத்தம் கேட்டதும் கோப்பை பறக்கிறது. மெதுவாகச் சுழன்று காற்றில் போய், தரையில் விழுந்து, திரவம் சிதறுகிறது. அழகுக்காக வைத்த ஷாட் மாதிரி இருக்கும். ஆனால் அந்தக் கோப்பை கிடந்த இடம் ஒரு தடயம். அந்தப் பெண் போலீஸ் விதிப்படி காரை விட்டு இறங்கி வுட்டுக்குக் காவலாக நின்றாரா, அல்லது உள்ளேயே உட்கார்ந்து குடித்துக்கொண்டிருந்தாரா என்பதை அது சொல்லிவிடும். உள்ளே இருந்திருந்தால் அவர் எதைப் பார்த்திருக்க முடியும், எதைப் பார்த்திருக்க முடியாது? ஒரு கோப்பையை வைத்து ஒரு சாட்சியத்தின் பலத்தையே அளக்கிறார்.

அப்படியானால் 'ராஷோமான்' என்ற ஜப்பானியப் படம் மாதிரி, உண்மை ஆளுக்கு ஆள் மாறும் என்கிறாரா?

இல்லவே இல்லை. இப்படிச் சொன்னால் மோரிஸுக்குக் கோபம் வரும், எனக்கும் வரும். ஆடம்ஸ் சுட்டாரா இல்லையா என்பதற்கு ஒரே ஒரு பதில்தான் இருக்கிறது. அது கண்ணோட்டம் சார்ந்த விஷயம் இல்லை. மரண தண்டனைக்கு மூன்று நாள் தூரத்தில் நின்ற மனிதரிடம் போய், எல்லாம் பார்வையைப் பொறுத்தது என்று யாராவது சொல்ல முடியுமா?

அவருடைய இந்தப் பிடிவாதத்துக்கு வேர் பிரின்ஸ்டனில் இருக்கிறது. அங்கே அவருக்கு ஆசிரியர் தாமஸ் கூன், அறிவியல் புரட்சிகளைப் பற்றி எழுதிப் பேர் பெற்றவர். வாக்குவாதம் முற்றிக் கூன் தன்மேல் சாம்பல் கிண்ணத்தை வீசியதாக மோரிஸ் சொல்வார், அதையே தலைப்பாக வைத்து 2018-ல் ஒரு புத்தகமும் எழுதினார். உண்மை என்று ஒன்று தனியாக இல்லை என்ற நினைப்பு கூனிடமிருந்து பரவியது என்பது அவருடைய குற்றச்சாட்டு. கூனை அவர் படிப்பது நியாயமா என்று தத்துவம் படித்தவர்கள் சண்டை போடுவார்கள். எனக்கு முக்கியம், அந்தக் கோபத்திலிருந்து அவர் செய்த வேலை.

அதற்கு இன்னொரு உதாரணம். 1855-ல் கிரிமியப் போரில் ரோஜர் ஃபென்டன் என்ற ஆங்கிலப் புகைப்படக்காரர் ஒரு பள்ளத்தாக்கை ஒரே இடத்திலிருந்து இருமுறை படமெடுத்தார். ஒன்றில் பீரங்கிக் குண்டுகள் ரோட்டில் சிதறிக் கிடக்கின்றன. இன்னொன்றில் ரோடு காலி, குண்டுகள் ஓரத்துப் பள்ளத்தில். எது முதலில் எடுத்தது? படம் பயங்கரமாகத் தெரிய குண்டுகளை ரோட்டில் பரப்பி எடுத்தார் என்று பலர் சொன்னார்கள், ஆதாரம் காட்டவில்லை. மோரிஸ் கிரிமியாவுக்கே போய் அந்த இடத்தைத் தேடி நின்றார். வெயிலின் கோணம், நிழல் என்று என்னென்னவோ பார்த்தார், வேலைக்கு ஆகவில்லை. கடைசியில் விடை கிடைத்தது குண்டில் இல்லை, சரிவில் கிடந்த சின்னச் சின்னக் கற்களில். ஒரு படத்தில் மேலே இருக்கும் கற்கள் மற்றொன்றில் கொஞ்சம் கீழே இருக்கின்றன. யாரோ நடந்தபோது கால் பட்டு உருண்டிருக்கின்றன. கல் தானாக மேலே ஏறாது. கற்கள் கீழே இருக்கும் படம்தான் பிந்தியது, அதில்தான் ரோட்டில் குண்டுகள் இருக்கின்றன. ஆக, பலர் சொன்னது சரியாகவே இருந்தது. ஆனால் இப்போது அது தெரிந்த விஷயம், முன்பு அது வெறும் ஊகம். குண்டுகளை ஏன் நகர்த்தினார் என்பதைக் கல் சொல்லாது என்பதையும் மோரிஸ் மறக்கவில்லை.

அவ்வளவு பேசப்பட்ட 'தி தின் புளூ லைன்' படத்துக்கு ஆஸ்கர் ஏன் இல்லை?

பரிந்துரைப் பட்டியலிலேயே இடம் தரவில்லை. நடித்த காட்சிகளும் பிலிப் கிளாஸின் இசையும் சேர்ந்து இது ஆவணப்படம் மாதிரி இல்லை என்று எண்ணினார்கள். 2001-ல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் இதைப் பாதுகாக்க வேண்டிய படங்களின் பட்டியலில் சேர்த்தது.

விடுதலையான ஆடம்ஸ் மோரிஸ் மேலேயே வழக்குப் போட்டாராமே?

ஆமாம். தன் வாழ்க்கைக் கதையின் உரிமை யாருக்கு என்பதுதான் பிரச்சினை. சிறையில் இருந்தபோது போட்ட ஒப்பந்தப்படி அது மோரிஸிடம் இருந்தது. வழக்கு சமரசத்தில் முடிந்து உரிமை ஆடம்ஸிடம் திரும்பியது. நன்றிகெட்டவர் என்று ஆடம்ஸைத் திட்டுகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். பன்னிரண்டு வருடம் தன் வாழ்க்கையில் எதுவும் தன் கையில் இல்லாமல் இருந்தவர், வெளியே வந்ததும் தன் கதையாவது தனக்கு வேண்டும் என்று கேட்டதில் எனக்குத் தப்பாக எதுவும் தெரியவில்லை. பின்னாளில் மரண தண்டனைக்கு எதிராக மேடைகளில் பேசினார், பிறகு ஒதுங்கி அமைதியாக வாழ்ந்து 2010-ல் இறந்தார்.

பேட்டி தருபவர்கள் நம் கண்ணையே பார்த்துப் பேசுகிறார்களே, எப்படி?

அது அவருடைய பிற்காலப் படங்களில். 'இன்டரோட்ரான்' என்று ஒரு அமைப்பு. செய்தி வாசிப்பவர்கள் எழுத்தைப் பார்த்துப் படிக்கும் டெலிபிராம்ப்டர் இருக்கிறதல்லவா, அதில் எழுத்துக்குப் பதில் மோரிஸின் முகம் தெரியும். பேசுகிறவர் அந்த முகத்தைப் பார்த்துப் பேசுவார். கேமரா அந்தக் கண்ணாடிக்குப் பின்னால் இருப்பதால் பார்வை நேரே நம்மேல் விழும். பேர் வைத்தது அவர் மனைவி. இத்தனை ஏற்பாடு இருந்தாலும், அவர் உண்மையில் செய்வது கேள்வியைக் குறைத்துவிட்டு ஆளைப் பேச விடுவதுதான். மௌனம் நீளும்போது மனிதர்கள் சொல்ல நினைக்காததையும் சொல்லிவிடுகிறார்கள்.

மறக்கப்பட்ட வரலாற்றை எந்தப் படங்களில் தொட்டிருக்கிறார்?

இரண்டைச் சொல்கிறேன்.

'தி ஃபாக் ஆஃப் வார்' (2003), அவருக்கு ஆஸ்கர் வாங்கித் தந்த படம். வியட்நாம் போர்க்கால அமெரிக்கப் பாதுகாப்பு அமைச்சர் ராபர்ட் மெக்நமாரா 85 வயதில் உட்கார்ந்து பேசுகிறார். எல்லாரும் வியட்நாமுக்காகக் காத்திருப்போம். அதற்கு முன்னால் வரும் ஜப்பான் பகுதிதான் என்னை உலுக்கியது. 1945 மார்ச் ஒரே இரவில் டோக்கியோவில் அமெரிக்க விமானங்கள் தீக்குண்டு போட்டு ஏறக்குறைய ஒரு லட்சம் பேரைக் கொன்றன. ஹிரோஷிமா எல்லாருக்கும் தெரியும், இது எத்தனை பேருக்குத் தெரியும்? அந்தக் காலத்தில் இளம் அதிகாரியாக விமானப்படையின் புள்ளிவிவரக் கணக்கைப் பார்த்தவர் மெக்நமாரா. எரிந்த ஜப்பானிய நகரங்களின் பேர்களுக்குப் பக்கத்தில் அதே அளவுள்ள அமெரிக்க நகரங்களின் பேரைப் படம் வேகமாக ஓட்டுகிறது: டோக்கியோவில் 51 சதவீதம் அழிந்தது, நியூயார்க் மாதிரி, டோயாமாவில் 99 சதவீதம், சட்டனூகா மாதிரி. வானத்திலிருந்து குண்டுகளுக்குப் பதில் எண்கள் விழுகின்றன. போரில் தோற்றிருந்தால் நாங்கள் போர்க்குற்றவாளிகளாக நின்றிருப்போம் என்பதை மெக்நமாரா தன் வாயாலேயே சொல்கிறார்.

இன்னொன்று நெட்ஃபிளிக்ஸில் 2017-ல் வந்த 'வார்ம்வுட்'. 1953 நவம்பரில் பிராங்க் ஓல்சன் என்ற அமெரிக்க ராணுவ உயிரியல் ஆயுத விஞ்ஞானி நியூயார்க் ஓட்டல் ஜன்னலிலிருந்து விழுந்து இறந்தார். அதற்குச் சில நாள் முன்பு அமெரிக்க உளவு நிறுவனமான சிஐஏ அவருக்குத் தெரியாமல் மதுவில் எல்எஸ்டி என்ற போதைமருந்தைக் கலந்து கொடுத்திருந்தது. இந்த விவரம் 22 வருடம் கழித்து 1975-ல்தான் வெளியே வந்தது. அதிபர் ஃபோர்டு குடும்பத்தை வெள்ளை மாளிகைக்கு அழைத்து மன்னிப்புக் கேட்டார், ஏழரை லட்சம் டாலர் கொடுக்கப்பட்டது. வழக்கு அதோடு முடிந்தது என்று நினைக்க வேண்டாம். மகன் எரிக் நம்பவில்லை. 1994-ல் உடலைத் தோண்டி எடுத்துப் பரிசோதித்தபோது, விழுவதற்கு முன்பே தலையில் அடிபட்டிருக்கலாம் என்று தடயவியல் குழு கருதியது. தவறு செய்துவிட்டோம் என்று அரசு ஒப்புக்கொள்வதே, அதைவிடப் பெரிய ஒன்றை மறைப்பதற்காக இருக்குமோ என்ற சந்தேகத்தோடு ஒரு மகன் வாழ்நாள் முழுக்க வாழ்ந்திருக்கிறார். அப்பாவுக்கு என்ன ஆனது என்று தேடியதில் மகனுக்கு என்ன ஆனது என்பதுதான் அந்த ஆறு பகுதிகளும்.

பொய் சொல்கிறவர்களுக்கு மேடை போட்டுக் கொடுக்கிறார் என்ற குற்றச்சாட்டு?

நியாயமான கவலைதான். 'மிஸ்டர் டெத்' (1999) படத்தில் இது வெளிப்படையாக வந்தது. ஃபிரெட் லூக்டர் மரண தண்டனைக் கருவிகள் செய்து கொடுத்தவர். யூத இன அழிப்பை மறுக்கும் ஒருவரின் வழக்குக்காக 1988-ல் ஆஷ்விட்ஸ் முகாமுக்குப் போய்ச் சுவரைக் கொத்தி எடுத்துவந்து, அங்கே விஷவாயு அறையே இல்லை என்று அறிக்கை கொடுத்தார். அவரை மட்டுமே பேசவிட்ட முதல் வடிவத்தைப் பார்த்த மாணவர்களில் சிலர் அவர் சொல்வதை நம்பிவிட்டார்கள். லூக்டரின் மடமை தானாகவே தெரியும் என்று மோரிஸ் நினைத்திருந்தார். தெரியவில்லை. படத்தைத் திருத்தி, வரலாற்றாசிரியரையும் அந்த மாதிரிகளைச் சோதித்த வேதியியலாளரையும் சேர்த்தார். சயனைடு செங்கல்லின் மேற்பரப்பில் மெல்லிய படலமாகத்தான் தங்கும், தடிமனாகக் கொத்தி மொத்தமாக அரைத்தால் இல்லாத மாதிரிதான் காட்டும் என்று அவர் நிதானமாக விளக்குகிறார். அந்த ஒரு விளக்கத்தில் லூக்டரின் அறிக்கை முழுதும் விழுந்துவிடுகிறது.

அபு கரைப் படத்துக்குப் பேட்டி தந்தவர்களுக்குப் பணம் கொடுத்தாரா?

சிலருக்குக் கொடுத்ததாக அவரே ஒப்புக்கொண்டார். ஈராக் சிறைக் கொடுமைப் புகைப்படங்களைப் பற்றிய 'ஸ்டாண்டர்ட் ஆபரேட்டிங் புரொசீஜர்' (2008) அது. அதைப் படத்திலேயே சொல்லியிருக்க வேண்டும் என்பது என் கருத்து.

கொல்லப்பட்டவரைப் பற்றி யாரும் பேசுவதில்லையே?

'தி தின் புளூ லைன்' படத்தில் எனக்கு இருக்கும் பெரிய மனக்குறை இதுதான். ராபர்ட் வுட் என்ற மனிதர் யார் என்று படம் முடிந்த பிறகும் நமக்குத் தெரியாது. தப்பான ஆளைத் தண்டித்தது அவருக்கும் செய்த அநியாயம். அவர் குடும்பம், சுட்டவன் கிடைத்துவிட்டான் என்று பன்னிரண்டு வருடம் நம்பியிருந்தது. அந்தப் பக்கத்தையும் மோரிஸ் கேட்டிருக்கலாம்.

மோரிஸ் வாதாடிய எல்லா வழக்கும் ஜெயித்ததா?

இல்லை. ஜெஃப்ரி மெக்டொனால்ட் என்ற ராணுவ மருத்துவர் 1970-ல் கர்ப்பிணி மனைவியையும் இரண்டு மகள்களையும் கொன்றதாக 1979-ல் தண்டிக்கப்பட்டார். வீட்டுக்குள் புகுந்த கும்பல்தான் கொன்றது என்பது அவர் வாதம். அவருக்கு நியாயமான விசாரணை கிடைக்கவில்லை என்று மோரிஸ் 2012-ல் ஒரு பெரிய புத்தகமே எழுதினார். மரபணுச் சோதனைகளுக்குப் பிறகும் நீதிமன்றங்கள் ஏற்கவில்லை. படித்துவிட்டு மோரிஸ் பக்கம் நிற்பவர்களும் உண்டு, நிற்காதவர்களும் உண்டு. நான் விசாரணையைப் பற்றி அவர் சொல்வதை ஏற்கிறேன், மெக்டொனால்ட் நிரபராதி என்பதை அவர் காட்டிவிட்டதாக ஏற்கவில்லை.

இந்த மாதிரிப் படம் எடுக்க ஆசை. எங்கே ஆரம்பிப்பது?

கேமராவை வாடகைக்கு எடுக்கும் முன் தீர்ப்பு நகலையும் சாட்சி விசாரணைப் பதிவுகளையும் வாங்கிப் படியுங்கள், ஒரு தடவை இல்லை, பலமுறை. தேதி, நேரம், தூரம், வெளிச்சம் நான்கையும் தனியாகக் குறித்துக்கொள்ளுங்கள். ஒரே சாட்சி வெவ்வேறு நாளில் சொன்னதைப் பக்கம் பக்கமாக வைத்துப் பாருங்கள். சம்பவம் நடந்த அதே நேரத்தில் அந்த இடத்துக்குப் போய் நின்று, அங்கிருந்து என்ன தெரிகிறது, என்ன தெரியவில்லை என்று பாருங்கள். ஆட்களிடம் போவது அதற்கப்புறம். பேட்டி தருபவரிடம் என்ன ஒப்பந்தம், பணம் உண்டா, கதை உரிமை யாருக்கு என்பதை முதல் நாளே அவருக்குப் புரியும் மொழியில் எழுதிக் கையில் கொடுத்துவிடுங்கள். சந்தேகம் எழும் இடத்தில் உங்கள் கேள்வியும் படத்தில் கேட்கட்டும்.